பொருளடக்கத்தில் கேள்விக்குறி

முகையூருக்கு ஒரு காதுகுத்துக்காகப் போயிருந்தேன். விழுப்புரம் மாவட்டம், திருக்கோவிலூர் பக்கம். முன்பு சட்டமன்றத் தொகுதியாக இருந்த ஊர். 2008 மறுசீரமைப்பில் தொகுதி போய், ஒன்றியத்துக்கு மட்டும் அந்தப் பெயர் மிச்சம். பந்தி முடிந்து கைகழுவித் திரும்புவதற்குள் உறவுக்காரத் தம்பி ஒருவர் பிடித்துக்கொண்டார். உரமும் விதையும் விற்கிறவர்.

"அண்ணா, நீங்க கம்ப்யூட்டர் பத்தில்லாம் எழுதறீங்களே, கடைக்கு ஒரு எட்டு வந்துட்டுப் போங்க. எஃப் ஒன் அமுக்கினா ஒரே கேள்விக்குறியா வருது."

போனேன். உர மூட்டைகளுக்கும் மல்லாட்டை விதைக்கும் நடுவே, துண்டு போட்டு மூடிய பழைய கம்ப்யூட்டர். விண்டோஸ் எக்ஸ்பி. மானிய உரத்துக்கு விரல் வைக்கிற அரசாங்க மெஷின் தனியாக இருக்கிறது. ஆனால் யார் எவ்வளவு பாக்கி, எத்தனை மூட்டை இருப்பு என்பதெல்லாம் இந்தப் பழசில்தான். கணக்கு மென்பொருளை விற்ற சிறு கம்பெனியை இப்போது காணோம். போனை எடுக்க ஆளில்லை. ஒவ்வொரு மார்ச்சிலும் விழுப்புரத்திலிருந்து ஒரு பையன் வந்து வருடக் கணக்கை முடித்துக்கொடுத்து 800 ரூபாய் வாங்கிக்கொண்டு போவானாம். இந்த வருடம் பையன் சிங்கப்பூர் போய்விட்டான். ஏப்ரல் பிறந்துவிட்டது. பழைய வருடத்துப் பாக்கி புது வருடத்துக்கு வர மாட்டேன் என்கிறது. பருவத்துக்குக் கடன் வாங்கியவர்கள் பணம் கட்ட வந்து நிற்கிறார்கள். யார் பெயரில் எவ்வளவு என்று பார்த்துச் சொல்ல முடியாமல் தம்பி முழிக்கிறார்.

எஃப்1 அழுத்தினேன். ஜன்னல் திறந்தது. இடது பக்கம் மேலிருந்து கீழே 37 வரிகள். எல்லாம் கேள்விக்குறிகள். வரி வரியாக, நீளம் மட்டும் மாறி மாறி. ஒரு வரியைச் சும்மா தட்டினேன். வலது பக்கம் பளிச்சென்று தமிழ்! அதுவும் நல்ல தமிழ்.

இந்த வாரம் புத்தக விமர்சனத்துக்குப் பதில் இந்த ஜன்னலை விமர்சனம் செய்யலாம் என்று தோன்றியது. உதவிக் கோப்பும் ஒரு எழுத்து வகைதான். அதற்கும் ஆசிரியர் உண்டு, வாசகர் உண்டு. பெயர் மட்டும் அட்டையில் இருக்காது.

முதலில் வடிவம். 1990-ல் விண்டோஸ் 3.0 வந்தபோதே உதவிக் கோப்பும் கூட வந்துவிட்டது. அப்போது அதை ஒரு வேர்டு ஃபைலாக எழுதி, அடிக்குறிப்புகளில் ரகசியக் குறி போட்டுச் செய்ய வேண்டும். 1997-ல் மைக்ரோசாஃப்ட் அதை மாற்றியது. இணையப் பக்கங்களை எழுதுகிற அதே எச்டிஎம்எல்லில் உதவியை எழுது, எல்லாப் பக்கங்களையும் படங்களையும் ஒன்றாக அமுக்கி ஒரே ஃபைலாக்கு என்றார்கள். அதுதான் சிஎச்எம். விண்டோஸ் 98 வந்தபோது சிஸ்டத்தின் சொந்த உதவியே இந்த வடிவத்துக்குக் குடிபோய்விட்டது. அமுக்குகிற வித்தைக்கு எல்இசட்எக்ஸ் என்று பெயர். 1995-ல் கனடாவின் வாட்டர்லூ பல்கலைக்கழக மாணவர்கள் இரண்டு பேர் அமிகா கம்ப்யூட்டருக்காக எழுதியது. ஒருவர் பிறகு மைக்ரோசாஃப்டுக்கே வேலைக்குப் போனார்.

வடிவம் என்ற அளவில் சிஎச்எம் ரொம்ப நல்ல வடிவம். இதை மனசாரச் சொல்கிறேன். மூன்று வாசல்கள்: பொருளடக்கம், அகரவரிசை, தேடல். புத்தகம் படித்துப் பழகியவனுக்கு வேறென்ன வேண்டும்? நெட் வேண்டாம். டெலிபோன் பில் வேண்டாம். டயல்-அப் கீச்சிட்டுக்கொண்டிருந்த நாளில் ஒரு முழு புத்தகம் ஃப்ளாப்பியில் அடங்கி வந்தது. பிஎச்பி கற்றுக்கொண்ட எத்தனையோ இன்ஜினீயரிங் பையன்கள் அதன் முழுக் கையேட்டையும் சிஎச்எம் ஆகத்தான் படித்தார்கள். ஹாஸ்டலில் சிடி சிடியாகக் கைமாறிய இரவல் புத்தகங்களில் பாதி இந்த வடிவம்தான்.

இதை ஓட்டுகிற இயந்திரம் எங்கே இருக்கிறது? ஒவ்வொரு மென்பொருளுக்குள்ளும் தனித்தனியாக இல்லை. விண்டோஸில் பொதுவாக மூன்று ஃபைல்கள் உட்கார்ந்திருக்கின்றன. எச்எச்சிடிஆர்எல் டாட் ஓசிஎக்ஸ்: ஜன்னலை வரைந்து மூன்று வாசலையும் வைப்பது இது. ஐடிஎஸ்எஸ் டாட் டிஎல்எல்: அமுக்கிய மூட்டையைப் பிரிப்பது. ஐடிஐஆர்சிஎல் டாட் டிஎல்எல்: உள்ளே தேடிக்கொடுப்பது. எந்தக் கம்பெனி மென்பொருளாக இருந்தாலும் எஃப்1 அழுத்தினால் இந்த மூவர்தான் வருவார்கள்.

கிராமத்தில் ஊர்ப்பொது அண்டா, தவலை எல்லாம் இருக்குமே, அதுமாதிரி. கல்யாண வீட்டுக்காரர்கள் சொந்தமாக அண்டா வாங்க வேண்டாம். பொதுவில் எடுத்துச் சமைத்துவிட்டுத் திருப்பி வைத்தால் போதும். சிக்கனமான ஏற்பாடு. ஒரே சங்கடம், ஒருவர் பெரிய அண்டாவை வைத்துக்கொண்டு பழைய சின்ன அண்டாவைத் திருப்பி வைத்துவிட்டால் அடுத்த கல்யாணம் கந்தல். 1990களின் கடைசியில் இதேதான் நடந்தது. ஏதோ ஒரு கேம் சிடியைப் போட்டால், அது தன்னோடு கொண்டுவந்த பழைய டிஎல்எல்லைப் புதிதின்மேல் எழுதிவிட்டுப் போகும். மறுநாள் சம்பந்தமே இல்லாத வேறொரு மென்பொருள் படுத்துவிடும். இதற்கு 'டிஎல்எல் நரகம்' என்றே பெயர் வைத்தார்கள். விண்டோஸ் 2000-ல் பொது ஃபைல்களைக் கைவைக்க விடாமல் காவல் போட்ட பிறகுதான் நரகம் கொஞ்சம் அடங்கியது.

பொது அண்டாவில் இன்னொரு விஷயமும் உண்டு. அதன் அளவு எதுவோ அதுதான் எல்லாருக்கும். தமிழுக்கு அடி விழுந்தது இங்கே.

எச்எச்சிடிஆர்எல் பிறந்த காலத்தில் விண்டோஸில் ஒவ்வொரு மொழிக்கும் ஒரு 'கோட் பேஜ்' உண்டு. ஐரோப்பிய மொழிகள் பலவற்றுக்குப் பெரும்பாலும் 256 இடம் உள்ள அட்டவணை. முதல் 128 ஆங்கிலத்துக்கும் மற்ற சில்லறைக்கும். மிச்சம் 128 உள்ளூர் மொழிக்கு. முகையூரிலிருந்து கொஞ்ச தூரம் போனால் திருக்கோவிலூர். அங்கே இடைகழியில் முதலாழ்வார்கள் மூவரும் மழைக்கு ஒதுங்கிய கதை தெரியுமல்லவா? ஒருவர் படுக்கலாம், இருவர் இருக்கலாம், மூவர் நிற்கலாம். கோட் பேஜும் அப்படி ஓர் இடைகழிதான். தமிழின் 247 எழுத்தும் 128 இடத்தில் ஒண்ட வேண்டும். கொம்பையும் காலையும் தனியாகப் பிரித்து நெருக்கி நிற்கவைத்தால் முடியும்.

தாய்லாந்துக்காரர்கள் நெருக்கி நின்றார்கள். 874 என்று எண் வாங்கிக்கொண்டார்கள். கிரேக்கத்துக்கு 1253, ஹீப்ருவுக்கு 1255, அரபிக்கு 1256, வியட்நாமுக்கு 1258. தமிழுக்கு விண்டோஸ் கொடுத்த எண் பூஜ்யம். கேலிக்காகச் சொல்லவில்லை. விண்டோஸின் மொழிப் பட்டியலில் தமிழுக்கு நேரே கோட் பேஜ் என்ற இடத்தில் சைபர்தான் இருக்கும். காரணம், 2000-ல் விண்டோஸ் 2000 மூலம் தமிழ் உள்ளே வந்தபோது நேராக யூனிகோடு வழியாக வந்துவிட்டது. மாடியில் நேரே ராஜமரியாதையோடு உட்கார்ந்துவிட்டதால், கீழே இடைகழியில் இடம் போடவே இல்லை.

மரியாதைதான். ஆனால் உதவி ஜன்னலின் வலது பக்கத்தை வரைவது இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர். அதற்கு யூனிகோடு தெரியும். இடது பக்கத்தை வரைவது அந்தப் பழைய ஓசிஎக்ஸ். அதற்குக் கோட் பேஜ்தான் தெரியும். தமிழை நீட்டினால் அதன் அட்டவணையில் அந்த எழுத்து இல்லை. இல்லாத எழுத்துக்கு அது போடுகிற அடையாளம் கேள்விக்குறி. 'தமிழ்' என்று எழுதினால் ஐந்து கேள்விக்குறி. த, ம, இகரக் கொம்பு, ழ, புள்ளி. பொருளடக்கம் போச்சு, அகரவரிசை போச்சு, தேடலும் போச்சு. மூன்று வாசலும் சாத்திய வீட்டுக்குள் நல்ல தமிழ் ஒன்று உட்கார்ந்திருக்கிறது.

தொண்ணூறுகளின் குறுக்குவழியும் ஒன்று இருந்தது. டிஸ்கி, டாப், இன்னும் ஆளுக்கொரு கம்பெனி வைத்திருந்த எழுத்துரு எல்லாம் ஒரே வித்தையைத்தான் செய்தன. கம்ப்யூட்டரிடம் 'இது ஆங்கிலம்' என்று பொய் சொல்லிவிட்டு, ஆங்கிலக் குறிகளின் முகத்தில் தமிழ் முகமூடியை மாட்டுவது. டிஸ்கியில் 'தமிழ்' என்று எழுதி, எழுத்துரு இல்லாத மெஷினில் திறந்தால் என்ன தெரியும்? முதலில் முக்கால் என்ற பின்னக் குறி. பிறகு தலையில் கோடு போட்ட ஏ. பிறகு அமெரிக்க சென்ட். கடைசியில் கோடு போட்ட யூ. தமிழுக்கு முக்கால் மார்க் போட்டு மிச்சத்தைச் சென்ட்டாகக் கொடுத்த மாதிரி இருக்கும்.

வேடிக்கை என்னவென்றால், இந்தப் பொய்த்தமிழ் சிஎச்எம்மின் இடது பக்கத்தில் நன்றாகவே தெரியும்! கோப்பைத் தயாரிக்கும்போதே இன்ன எழுத்துரு என்று சொல்லிவிட்டால் போதும். தேடல் மட்டும் சொதப்பும். சென்ட்டும் முக்காலும் எழுத்தில்லையே, வார்த்தை முடிந்துவிட்டது என்று அது நடுவில் வெட்டிவிடும். ஆகமொத்தம், தரப்படி யூனிகோடில் எழுதிய யோக்கியனுக்குக் கேள்விக்குறி. முகமூடி மாட்டியவனுக்குப் பொருளடக்கம். என் தம்பி கடையின் உதவியை எழுதியவர் யோக்கியர் என்று தெரிகிறது.

சரி, மைக்ரோசாஃப்டைத் திட்டிவிட்டு முடித்துக்கொள்ளலாமா? திட்ட விஷயம் இருக்கிறது. யூனிகோடு தெரிந்த புதிய உதவி முறை வரப்போகிறது என்று 2001-ல் சொன்னார்கள். வந்தது. விஷுவல் ஸ்டூடியோவில் நிரல் எழுதுகிறவர்களோடு நின்றுவிட்டது. மற்றவர்கள் பழைய அண்டாவிலேயே சமைக்க வேண்டியிருந்தது. 2005-ல் பாதுகாப்பு ஓட்டைகளை அடைத்தார்கள், அது நியாயம். ஆனால் அதன் பிறகு நெட்வொர்க்கில் வைத்த சிஎச்எம் திறக்கும், பக்கம் மட்டும் வெறுமையாக இருக்கும். ஒரே காப்பியை சர்வரில் வைத்து முப்பது மாணவர்களுக்குக் காட்டிய லேப்களின் கதி என்ன ஆகியிருக்கும், யோசித்துப் பாருங்கள். டவுன்லோடு செய்ததென்றால் ஃபைலின் ப்ராப்பர்ட்டீஸுக்குப் போய் 'அன்பிளாக்' அழுத்த வேண்டும். இதைச் சொல்லித் தருகிற பக்கமும் உதவிக் கோப்புக்குள் இருந்தால் என்ன செய்வது?

இருந்தாலும், நம் பக்கம் உள்ள குறையைச் சொல்லாமல் விட்டால் இது விமர்சனம் ஆகாது.

நாம் இடைகழியில் ஒற்றுமையாக நிற்கவில்லை. 1999 பிப்ரவரியில் சென்னையில் தமிழ்நெட் 99 மாநாடு கூடித் தரம் வகுத்தது. ஆனாலும் இணையத்தில் டிஸ்கி, அலுவலகத்தில் டாப், அச்சகத்தில் வேறொன்று என்று ஆளுக்கொரு பானை வைத்துக்கொண்டோம். தமிழ்நாடு அரசு யூனிகோடைத் தரமாக அறிவித்தது 2010 ஜூனில், கோவைச் செம்மொழி மாநாட்டின்போது. அதற்குள் சிஎச்எம் ஓய்வுபெறும் வயதுக்கு வந்துவிட்டது.

இரண்டாவது குறை இன்னும் பெரியது. நாம் பட்டனைத் தமிழாக்கினோம், விளக்கத்தை விட்டுவிட்டோம். எக்ஸ்பிக்குத் தமிழ் முகம் வந்தபோது மெனு தமிழில் வந்தது, உதவிப் பக்கங்கள் பெரும்பாலும் ஆங்கிலத்திலேயே நின்றன. தன்னார்வலர்கள் ராத்திரி கண்விழித்து ஓப்பன் ஆபீஸையும் கேடிஈயையும் தமிழாக்கினார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. ஆனால் அங்கேயும் முதலில் தமிழானது மெனுதான். உதவிப் பக்கங்கள் சில லட்சம் சொற்கள். கைத்தட்டல் கிடைக்காத வேலை. கோப்பா ஆவணமா, சாளரமா பலகணியா என்று மேடையில் சண்டை போட்ட அளவுக்கு, 'சேமித்த கோப்பு காணாமல் போனால் எங்கே தேடுவது' என்று யாரும் எழுதவில்லை. 2011 செப்டம்பர் 15 முதல் அரசாங்கம் மாணவர்களுக்கு லேப்டாப் கொடுத்தது. லட்சக்கணக்கில் கொடுத்தது. கூடவே ஒரு நல்ல தமிழ் உதவிப் புத்தகம் உள்ளே இருந்திருந்தால், மின்சாரமும் நெட்டும் சரியாக இல்லாத வீட்டில்கூட ஒரு பெண் தானாக உட்கார்ந்து கற்றுக்கொண்டிருப்பாள்.

இதில் எனக்கு ஆச்சரியம் என்னவென்றால், உதவி எழுதுவது தமிழனுக்குப் புதுசே இல்லை. உரை என்பது வேறென்ன? ஒன்றே முக்கால் அடிக் குறளுக்கு எழுதிய பழைய உரைகாரர்கள் மட்டும் பத்துப் பேர் என்கிறது மரபு. இந்தச் சொல்லுக்கு இந்தப் பொருள், இந்த இடத்தில் இப்படிப் பிரி, இங்கே ஒரு ஐயம் வரும், அதற்கு விடை இது. பரிமேலழகர் செய்தது அதைத்தான். படிக்கிறவனுக்கு எங்கே தடுக்கும் என்று முன்கூட்டியே தெரிந்து, சரியாக அங்கே போய் நிற்பது. பதவுரையும் பொழிப்புரையும் எழுதிய மொழியில், சம்பளக் கணக்கு மென்பொருளுக்கு ஒரு உரையாசிரியர் கிடைக்கவில்லை.

கிடைத்த உதவிகளின் லட்சணமும் தெரியுமே. 'அச்சிடு' என்ற பட்டனுக்கு விளக்கம், 'அச்சிடுவதற்கு இதை அழுத்தவும்.' இது உரை இல்லை, எதிரொலி. பட்டனுக்குப் பெயர் இருக்கிறது, எனக்குப் படிக்கத் தெரியும். அச்சு ஏன் வரவில்லை என்பதல்லவா என் கேள்வி? உதவி எழுதுகிறவர் மென்பொருளின் மெனுவைப் பார்த்து எழுதினால் இப்படித்தான் வரும். எதிரே முழித்துக்கொண்டு நிற்கிற ஆளைப் பார்த்து எழுத வேண்டும்.

அந்த விதத்தில் முகையூர் உரக்கடையில் நான் படித்தது நிஜமாகவே நல்ல எழுத்து. யார் எழுதினாரோ. 'வருடக் கணக்கை முடிப்பதற்கு முன் ஒரு பிரதி எடுத்துக்கொள்ளுங்கள், முடித்தபின் திரும்ப முடியாது' என்று முதல் வரியிலேயே எச்சரிக்கை. பாக்கிக்காரர் பெயர் இரண்டு தரம் பதிவாகியிருந்தால் என்ன செய்வது என்று ஒரு பத்தி. ஒரே ஊரில் ஒரே பெயரில் நாலு பேர் இருந்தால் அப்பா பெயரைச் சேர்த்துக்கொள்ளுங்கள் என்று ஒரு யோசனை. கடையைப் பார்த்தவர் எழுதியது. ஆனால் விற்றவர் இடது பக்கத்தை ஒரு தரம்கூடத் திறந்து பார்க்கவில்லையா? பார்த்திருப்பார். யார் படிக்கப்போகிறார்கள் என்று விட்டிருப்பார். வாசகன் மேல் அவ்வளவுதான் நம்பிக்கை.

அதற்கு விலை யார் கொடுத்தது? தம்பி. ஒவ்வொரு மார்ச்சிலும் 800 ரூபாய், தன் மெஷினுக்குள்ளேயே, தன் மொழியிலேயே இருந்த விஷயத்துக்காக. பையன் மேல் தப்பில்லை. அவன் வந்து செய்த வேலைக்குக் கூலி வாங்கினான். அவனுக்கும் அந்தப் பக்கம் இருப்பது தெரிந்திருக்க நியாயமில்லை.

இன்றைக்கு சிஎச்எம்முக்குச் செல்வாக்கு இல்லை. விண்டோஸ் 11-லும் அந்த ஓசிஎக்ஸ் உட்கார்ந்திருக்கிறது, ஆனால் புதிதாக எழுதுவோர் குறைவு. வைரஸ் அனுப்புகிறவர்கள்தான் இன்னமும் அதை ஆசையாகப் பயன்படுத்துகிறார்கள். முன்பின் தெரியாதவர் அனுப்பிய சிஎச்எம்மைத் தயவுசெய்து திறக்காதீர்கள். எஃப்1 அழுத்தினால் இப்போது பல இடங்களில் பிரவுசர் திறந்து இணையத்துக்குப் போகிறது. நெட் இல்லையென்றால் உதவி இல்லை.

உங்களுக்கு நிஜமான தமிழ் உதவி யூட்யூபில் கிடைக்கிறது. நம் பையன்களும் பெண்களும் பிரமாதமாகச் சொல்லித்தருகிறார்கள், பேச்சுத் தமிழில், எதிரே ஆள் நிற்பது போல. பரிமேலழகர் வம்சம் அங்கேதான் தொடர்கிறது என்று சொல்வேன். குறை ஒன்றுதான். 18 நிமிட வீடியோவில் எனக்கு வேண்டிய 20 வினாடி எங்கே இருக்கிறது? 'பெல் பட்டனை அழுத்துங்க' என்பதைத் தாண்டி எந்த இடத்தில்? பெரும்பாலான வீடியோக்களில் பொருளடக்கம் இல்லை. அன்று பொருளடக்கம் இருந்தது, எழுத்து தெரியவில்லை. இன்று எழுத்தென்ன, குரலே கேட்கிறது, பொருளடக்கம் இல்லை. வீடியோ போடும் தம்பிகளே தங்கைகளே, கீழே நிமிடக் கணக்கோடு நாலு வரி எழுதிப் போடுங்கள். புண்ணியமாகப் போகும்.

கடைக்கு வருகிறேன். மென்பொருளைத் திருத்த என்னால் முடியாது. வேறு வழி செய்தோம். தம்பியின் மகள் ஒன்பதாம் வகுப்பு. அவளை உட்காரவைத்து முதல் கேள்விக்குறியிலிருந்து வரிசையாகத் தட்டச் சொன்னேன். வலது பக்கம் என்ன தலைப்பு வருகிறதோ அதைப் பழைய உரக் கம்பெனி காலண்டரின் பின்பக்கத்தில் ஸ்கெட்ச் பேனாவால் எழுதினாள். கொஞ்ச நேரத்தில் அவளுக்கே ஒரு சூட்சுமம் பிடிபட்டுவிட்டது. கேள்விக்குறிகளை எண்ணி, "பெரியப்பா, இது சின்னது, ரசீதா இருக்கும்" என்று தட்டுவதற்கு முன்பே சொல்ல ஆரம்பித்தாள். பாதி சரியாக இருந்தது.

29-வது வரியில் வருடக் கணக்கு முடித்தல். தம்பி பக்கத்தை இரண்டு தரம் உரக்கப் படித்தார். பிரதி எடுத்தார். அது சொன்னபடி ஏழு படி. பாக்கியெல்லாம் புது வருடத்துக்கு வந்து உட்கார்ந்தது. வாசலில் காத்திருந்த ஒரு பெரியவர் தன் கணக்கில் 2,350 ரூபாய் கட்டிவிட்டு ரசீது வாங்கிக்கொண்டு போனார்.

காலண்டர் இப்போது மானிட்டருக்குப் பக்கத்துச் சுவரில் ஒட்டியிருக்கிறது. 37 வரி. கடைசி வரிக்குக் கீழே அவளாகவே ஒன்று சேர்த்திருக்கிறாள்: 'எழுத்து தெரியாவிட்டால் பயப்பட வேண்டாம், எண்ணிப் பார்த்துத் தட்டவும்.'